அண்ணே, பாலம் வருது

என் படம் இருபத்திரண்டு நிமிடம் ஓடியது. இறந்துபோன ஒருவனின் உணர்வு, உடம்பை விட்ட பிறகு பதினாறு நாள் தன் வீட்டிலேயே சுற்றிக்கொண்டிருந்துவிட்டுக் கடைசியில் கடலுக்குப் போகிறது. அவ்வளவுதான் படம். நடிகர் கிடையாது. கதை என்று எடுத்துச் சொல்லவும் ஒன்றும் கிடையாது. அந்த ஒருவன் என் அண்ணன்.

பிரிக்பீல்ட்ஸில் ஒரு கடையின் மேல்மாடியில் நாற்பது நாற்காலி போட்டு, தியேட்டர் பக்கமே போகாத படங்களைத் திரையிடும் நண்பர்கள் எனக்கு ஒரு சனிக்கிழமை பிற்பகலை ஒதுக்கியிருந்தார்கள். போஸ்டர்கூடத் தயார். ஆனால் படம் முதலில் அக்காவைத் தாண்ட வேண்டும். "நீ வேணாம்னு சொன்னா யாருக்கும் காட்ட மாட்டேன்" என்று முதல் ஷாட் எடுப்பதற்கு முன்பே அவளுக்கு வாக்குக் கொடுத்திருந்தேன். அண்ணனைப் பற்றி முடிவு சொல்ல எங்கள் இரண்டு பேரைத் தவிர வேறு யாருக்கும் உரிமை இல்லை. அதில் அவள் எனக்கு மூத்தவள்.

அப்பாவை எனக்கு நினைவில்லை. நான் தொடக்கப் பள்ளியில் ஆறாம் ஆண்டு படித்தபோது அம்மா போய்விட்டார். அண்ணன் படிவம் மூன்றோடு பள்ளியை விட்டுவிட்டு, கிடைத்த வேலையெல்லாம் செய்து, கடைசியில் கண்டெய்னர் லோரி ஓட்டினான். அக்கா படிவம் ஐந்து முடித்த மறுவாரமே பெட்டாலிங் ஜெயாவில் ஒரு தொழிற்சாலையில் சேர்ந்தாள். இன்று அங்கே முப்பது பேரைக் கட்டி மேய்க்கும் லைன் லீடர். எங்கள் வீட்டில் பட்டம் வாங்கியவன் நான் ஒருவன்தான். அதுவும் சினிமாப் படிப்பு. "டாக்டர் இல்ல, லாயர் இல்ல, சினிமாவா?" என்று மாமா கேட்டபோது அண்ணன், "லோரி ஓட்டாம இருந்தா சரி மாமா" என்றான். அதோடு பேச்சு முடிந்தது.

மூன்று வருடங்களுக்கு முன், துறைமுகத்தில் சரக்கு இறக்கக் காத்திருந்த லோரி வரிசையில், ஸ்டியரிங்கில் சாய்ந்தபடியே அண்ணன் போய்விட்டான். நாற்பது வயது ஆகவில்லை.

படத்தை எடுத்த விதத்தைக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். இறந்தவரின் பார்வை என்றால் கேமராவைக் கூரையில் மாட்டிவிடுவது வழக்கம். நானும் முதல் வாரம் காற்றாடிக்குப் பக்கத்தில் மாட்டி எடுத்தேன். போட்டுப் பார்த்தால் நகைக்கடையில் திருடனைப் பிடிக்க வைத்த கேமரா மாதிரி இருந்தது. பிறகுதான் ஒன்று உறைத்தது. அண்ணன் இத்தனை வருடமும் உலகத்தை லோரி சீட்டிலிருந்து பார்த்தவன். அவன் வேலை செய்த கிடங்குக்குப் போய், டேப் வைத்து, அந்த சீட்டில் உட்கார்ந்தால் கண் எந்த உயரத்தில் இருக்கும் என்று அளந்துகொண்டு வந்தேன். வீட்டில் ஏணியைப் போட்டு அந்த உயரத்தில் கேமராவை வைத்தேன். சமையலறை, துணி காயும் கொடி, அக்காவின் வகிடு, கேஸ் அடுப்புக்கு மேலே படிந்த எண்ணெய்ப் பிசுக்கு எல்லாம் அந்த உயரத்திலிருந்துதான். பதினாறு நாளுக்குப் பதினாறு ஷாட். நாள் போகப் போக ஒலியைப் பக்கத்து வீட்டில் கேட்பதுபோல் கொஞ்சம் கொஞ்சமாக மங்கவிட்டேன். நன்றாக வந்திருந்தது. அடக்கத்துக்காக வேறு மாதிரி சொல்ல மனம் வரவில்லை.

இவற்றுக்கு மேலே ஒரு குரல். அண்ணனின் உணர்வு தனக்குத்தானே பேசுவதாக நான் எழுதி, நானே பேசியது. மரணத்துக்குப் பிறகு உணர்வு என்ன ஆகும் என்று மூன்று மாதம் நூலகத்தில் உட்கார்ந்து படித்ததையெல்லாம் அதில் ஊற்றியிருந்தேன்.

திரையிடலுக்கு இரண்டு வாரம் இருந்தபோது, ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், அக்கா துவைத்த துணியை மடித்துக்கொண்டிருக்கையில் லேப்டாப்பை அவள் முன்னால் வைத்தேன். அவள் மடிப்பதை நிறுத்தவில்லை. இரண்டாவது நிமிடத்தில், "ஏன் எல்லாம் இந்த உயரத்துல இருக்கு?" என்றாள்.

"லோரி சீட்டு உயரம்."

கையிலிருந்த தலையணை உறையை அப்படியே பிடித்துக்கொண்டு சிறிது நேரம் பார்த்தாள். "ம். அது சரி" என்றாள். எனக்குக் கிடைத்த விமர்சனங்களிலேயே பெரியது அதுதான் என்று இன்றும் நினைக்கிறேன்.

பிறகு குரல் வந்தது. "நான் என்பது ஒரு பழக்கம் மட்டுமே. பழக்கம் கலைகையில் எஞ்சுவது பார்வை" என்று ஆரம்பித்தது.

"இது யாரு பேசுறது?"

"அண்ணன்தான். அதாவது, அண்ணனோட உணர்வு."

"உணர்வுக்கு எப்படா இவ்வளவு தமிழ் வந்துச்சு?"

"படம்க்கா. அதுல அப்படித்தான் பேசும்."

"அவன் வாட்ஸ்ஆப்ல எனக்குக் கட்டைவிரலத் தவிர வேற எதுவும் அனுப்புனதில்ல. செத்ததுக்கப்புறம் பட்டிமன்றத்துக்கா போனான்?"

சிரித்தாள். எனக்கும் சிரிப்பு வந்தது, கொஞ்சம் வலியோடு. குரலை மாற்றிவிடலாம், அது பெரிய வேலை இல்லை என்று மனத்துக்குள் கணக்குப் போட்டேன். அவள் சிரித்ததால் சம்மதித்துவிட்டாள் என்றே நினைத்தேன்.

கடைசி ஷாட் கடல். போர்ட் கிள்ளானில், அண்ணனின் அஸ்தியைக் கரைத்த அதே இடத்தில் எடுத்தது. தூரத்தில் கப்பல்கள் நிற்க, கேமரா மெதுவாகத் தண்ணீர் மட்டத்துக்கு இறங்கும். அது பாதி இறங்கும்போது அக்கா லேப்டாப்பை மூடினாள். கோபமாக மூடவில்லை, டப்பாவுக்கு மூடி போடுகிற மாதிரி மூடினாள்.

"இது வேணாம்டா தம்பி."

"குரலை எடுத்துடறேன்க்கா."

"குரல் இல்ல. கடைசியில அவன் கடலுக்குப் போறான்ல, அது பொய். அவன் கடலுக்கு வரவே இல்ல. பாலத்துலயே நிக்கிறான்."

எனக்குப் புரியவில்லை. "எந்தப் பாலம்?"

"நீதான என்னை வாயை மூடிட்டு வரச் சொன்ன."

அப்போதுதான் அந்த நாள் முழுதாக எனக்குத் திரும்பி வந்தது.

தகனம் முடிந்த மறுநாள் காலை எலும்பும் சாம்பலும் பொறுக்கிப் பானையில் போட்டு, வெள்ளைத் துணியால் வாய் கட்டி, கடலுக்குக் கிளம்பினோம். பானை என் மடியில். பக்கத்தில் அக்கா. பெண்கள் வர வேண்டாம் என்று சொன்ன மாமாவிடம், "அப்ப நானும் பானையும் ரெண்டுமே வரல" என்று சொல்லி ஏறியவள். வேனை ஓட்டியவர் அண்ணனோடு கிடங்கில் வேலை செய்த சீனப் பெரியவர். ரப்பர் தோட்டத்தில் எங்கள் ஆட்களோடு வளர்ந்தவர் என்பதால் தமிழ் அவருக்குச் சரளம். வண்டியை எடுக்கும் முன் திரும்பி அக்காவிடம் சொன்னார்: "தங்கச்சி, பாலம் வந்தா சொல்லணும் ஆ. 'அண்ணே, பாலம் வருது, தாண்டி வா'ன்னு. சொல்லலேன்னா அவரு அங்கேயே நின்னுருவாரு. எங்க ஆளுங்க அப்படித்தான் செய்வோம்."

அக்கா யோசிக்கவே இல்லை. பெடரல் நெடுஞ்சாலையில் ஏறியதும் ஆரம்பித்துவிட்டாள். பானையின் பக்கம் குனிந்து, பக்கத்தில் இருப்பவனிடம் பேசும் சத்தத்தில், "அண்ணே, பாலம் வருது, தாண்டி வா" என்றாள். அடுத்த பாலத்துக்கும் சொன்னாள். அதற்கு அடுத்ததற்கும் சொன்னாள். பின் சீட்டில் சொந்தக்காரர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். மாமா, "என்னம்மா, நாம எப்போ சீன மதத்துக்கு மாறுனோம்?" என்றார். இரண்டு பேர் சிரித்தார்கள். எனக்குக் காது சுட்டது. அந்த வேனில் படித்தவன் நான். என் வீட்டைப் பார்த்துச் சிரிக்கிறார்கள்.

கிள்ளான் ஊருக்குள் ஆற்றைத் தாண்டுகிற பெரிய பாலம் கண்ணுக்குத் தெரிந்தது. அக்கா குனிந்தாள். நான் சொன்னேன்: "போதும்க்கா. தினமும் ஓட்டுன ரோடு, அவனுக்குத் தெரியாதா? வாயை மூடிட்டு வா."

அவள் நிமிர்ந்து உட்கார்ந்தாள். பாலத்தைக் கடந்தோம். கடலில் கரைத்தோம். அன்று நான் ஒரு நியாயமான காரியம் செய்ததாகவே நினைத்து, அதை மறந்தும்போனேன்.

அவள் மறக்கவில்லை. ஒவ்வொரு தீபாவளிக்கும் துணி எடுக்கக் கிள்ளான் போகலாம் என்று கூப்பிட்டால், "பிரிக்பீல்ட்ஸ்லயே எல்லாம் கெடைக்குதுலா" என்று தட்டிக்கழித்தது எதற்கு என்று அந்த ஞாயிற்றுக்கிழமைதான் எனக்குத் தெரிந்தது. மூன்று வருடமாக அவள் அந்தப் பாலத்தில் ஏறவே இல்லை.

"அக்கா, செத்தவங்களுக்கு ரோடெல்லாம்..." என்று ஆரம்பித்தேன்.

"செத்தவனுக்கு எல்லாம் தெரியும்னு நீயா எப்படி முடிவு பண்ண?" என்றாள். "எங்க லைன்ல பத்து வருசம் வேலை செஞ்ச ஆளா இருந்தாலும், புது மெஷினுக்கு மாத்துனா ஒரு வாரம் நான் பக்கத்துல நிப்பேன். இத அமுக்கு, அத தொடாதேன்னு சொல்லிக்கிட்டே இருப்பேன். அவன் சாவுக்குப் புதுசு. ஒரு நாள்தான் ஆகியிருந்துச்சு."

மூடிய லேப்டாப்பை என் பக்கம் இழுத்துக்கொண்டேன்.

"அந்தக் கடல் ஷாட்டை வெட்டிடறேன்" என்றேன்.

"அவன் பாலத்துல நிக்கிறான்னு சொல்றேன். நீ வெட்டறது ஒட்டறது பத்திப் பேசுற."

துணியைத் தூக்கிக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

அடுத்த இரண்டு நாளும் பிரிக்பீல்ட்ஸில் நான் எடிட்டிங் செய்யும் அறையில் உட்கார்ந்து படத்தைத் திருப்பித் திருப்பிப் போட்டுப் பார்த்தேன். கடலை எடுத்துவிட்டு ஒரு முடிவு, குரலை எடுத்துவிட்டு ஒரு முடிவு, இரண்டையும் எடுத்துவிட்டு ஒரு முடிவு. எல்லாமே பார்க்கத் தகுந்தவையாகத்தான் இருந்தன. வேலையில் எனக்குச் சந்தேகம் வரவில்லை. ஆனால் எதை வெட்டினாலும் என் அக்காவுக்கு அண்ணன் பாலத்திலேயே நின்றான். அவள் சொன்னதை நான் நம்புகிறேனா இல்லையா என்று என்னையே கேட்டுப் பார்த்தேன். நம்பவில்லை. நம்பாத ஒன்றுக்காக ஒருத்தியை வாயை மூடச் சொல்ல எனக்கு உரிமை இருந்ததா என்று கேட்டுப் பார்த்தேன். அதற்குப் பதில் உடனே வந்தது.

புதன்கிழமை அவளுடைய சாப்பாட்டு நேரத்தில் போன் செய்தேன்.

"ஞாயித்துக்கிழமை போலாமாக்கா?"

"எங்க?"

"பாலத்துக்கு. மறுபடியும் அதே ரோட்டுல. நீ சொல்லிக்கிட்டே வா."

"மைக்கெல்லாம் கொண்டு வருவியா?" என்றாள்.

"நீ வேணாம்னா வேணாம்."

"கொண்டு வா. எப்படியும் அது இல்லாம உனக்குக் கை நடுங்கும்."

"படத்துல போடலாமா?"

"அதை அப்புறம் பாத்துக்கலாம்."

ஞாயிறு காலை அவள் நல்ல சேலை கட்டிக்கொண்டு வந்தாள். என் பழைய காரின் முன் சீட்டில் ஏறி, "தகன மண்டபத்து வாசலுக்குப் போ" என்றாள்.

"அவன் பாலத்துலதான இருக்கான்? நேரா அங்கயே போய் ஏத்திக்கலாமே."

"பாதியில ஏத்துனா எங்கிருந்து வர்றோம்னு அவனுக்கு எப்படித் தெரியும்? முதல்லேர்ந்து வாடா."

வாசலில் ஒரு நிமிடம் வண்டியை நிறுத்திவிட்டுக் கிளம்பினோம். ஒலிப்பதிவுக் கருவி டாஷ்போர்டில் சிவப்பு விளக்கு எரிய உட்கார்ந்திருந்தது. நெடுஞ்சாலையில் ஏறியதும் முதல் மேம்பாலம் வந்தது. அக்கா வாயைத் திறந்தாள், மூடினாள்.

"இது கணக்கா?"

"எது?"

"கீழ ரோடுதான ஓடுது. தண்ணி இல்ல. இதுக்கும் சொல்லணுமா?"

"அன்னிக்கு சொன்னியே."

"அன்னிக்கு எனக்கு எங்க நிதானம் இருந்துச்சு? சும்மா எல்லாத்துக்கும் சொன்னேன். இப்ப ஒழுங்கா செய்யணும்ல."

அந்தச் சீனப் பெரியவரின் நம்பர் அவள் போனில் இருந்தது. மூன்று வருடமும் சீனப் பெருநாளுக்கு அவருக்கு முறுக்கு கொண்டுபோய்க் கொடுத்து வருகிறாள் என்பதும் எனக்கு அன்றுதான் தெரிந்தது. ஸ்பீக்கரில் போட்டாள்.

"அங்கிள், மேம்பாலத்துக்கும் சொல்லணுமா?"

"தண்ணி இருக்கா?"

"இல்ல. கீழ ரோடு."

"அப்போ தேவை இல்ல." பின்னால் கோழி கத்தியது. "ஆனா சொன்னா தப்பும் இல்ல. நீ பிஸியா?"

"இல்ல அங்கிள்."

"அப்போ சொல்லுலா. காசா பணமா?"

ஆகவே எல்லாவற்றுக்கும் சொன்னாள். முதல் இரண்டு தடவை என்னை ஓரக்கண்ணால் பார்த்துக்கொண்டு சொன்னாள். பிறகு நான் இருப்பதே அவளுக்கு மறந்துவிட்டது. "அண்ணே, மேம்பாலம், இது சும்மா, ஏறி எறங்கிடு." பத்து தீகா என்ற ஊர்ப் பக்கம் ஓர் ஆறு சாலைக்கு அடியில் போகிறது. வேகமாகப் போகிறவர்களுக்கு அது கண்ணிலேயே படாது. அவள் அதையும் விடவில்லை. "அண்ணே, இது தண்ணி. பாத்து." ஷா ஆலம் தாண்டியபோது மழை பிடித்தது. "மழை பெய்யுது. அந்த மோட்டார்காரன் என்ன வேகமா போறான் பாரு. நீ இருந்திருந்தா கண்ணாடிய எறக்கித் திட்டியிருப்ப."

பின் சீட்டில் அண்ணன் இருக்கிறான் என்று எனக்குத் தோன்றவில்லை. அதைச் சொல்லிவிட வேண்டும். ஆனால் அக்கா யாரோடோ பேசுகிறாள் என்பதில் சந்தேகமே இல்லை. யாரும் இல்லாத இடத்தைப் பார்த்துப் பேசுகிறவர்களின் குரல் இப்படி இருக்காது. நடிகர்களைப் பேச வைத்துக் கேட்டவன் நான், எனக்கு அந்த வித்தியாசம் தெரியும்.

"அவன் வண்டி ஓட்டும்போது இப்படித்தான்டா," என்று என் பக்கம் திரும்பினாள். "போனை ஸ்பீக்கர்ல போட்டுட்டு எனக்கு சொல்லிக்கிட்டே போவான். இப்ப ஷா ஆலம், இப்ப பாலம், இப்ப சாப்பிட நிறுத்துறேன்னு. நான் துணி துவைச்சுக்கிட்டே ம் ம்னு கேப்பேன். அன்னிக்கு வேன்ல நான் சொன்னது அங்கிள் சொன்னதுக்காக மட்டும்னு நெனச்சியா?"

கிள்ளான் வந்துவிட்டது. கடைகளுக்கு நடுவே சாலை வளைந்து, பெரிய பாலத்தின் ஏற்றம் தெரிந்தது. அக்கா மூச்சை இழுத்துக்கொண்டாள். அவள் சொல்லப்போகிறாள் என்று நான் வேகத்தைக் குறைத்தேன்.

"நீ சொல்லு," என்றாள்.

"நானா?"

"நீதான நிறுத்துன. நான் சொன்னா அவன் குழம்புவான். தம்பி வேணாம்னான், தங்கச்சி வான்னுதுன்னு."

இருபத்திரண்டு நிமிடத்துக்கு அண்ணனின் பேச்சை எழுதியவன் நான். அண்ணனிடம் பேச எனக்கு ஒரு வார்த்தை கிடைக்கவில்லை. எனக்கு வெட்கமாக இருந்தது, ஆளில்லாத பின் சீட்டைப் பார்த்துப் பேச. வண்டி ஏற்றத்தில் ஏறிக்கொண்டிருந்தது. அக்கா என்னைப் பார்க்காமல் நேராகச் சாலையையே பார்த்துக்கொண்டிருந்தாள். மூன்று வருடம் பொறுத்தவள் இன்னும் நூறு அடிக்கும் பொறுத்தாள்.

"அண்ணே," என்றேன். என் குரல் எனக்கே சின்னப் பையன் குரலாகக் கேட்டது. "பாலம் வருது. ஆறு. அன்னிக்கு நான்தான் சொல்ல விடல. தாண்டி வா."

நடுப் பாலத்தில் ஏறியதும் வண்டிகள் நின்றுவிட்டன. அந்தப் பக்கம் சிக்னலில் ஏதோ கோளாறு. முன்னால் ஒரு கோழி லோரி, பின்னால் ஹாரன். கீழே கிள்ளான் ஆறு மழைத் தண்ணீரோடு பால் தேநீர் நிறத்தில் போய்க்கொண்டிருந்தது. எந்த இடத்தில் அண்ணனை மூன்று வருடமாக நிற்கவிட்டோம் என்று அவள் நினைத்தாளோ, அதே இடத்தில் நாங்களும் நின்றோம்.

அக்கா பின்னால் திரும்பிப் பார்த்து, மிகச் சாதாரணமாக, "ஜாம்ண்ணே. கொஞ்சம் இரு. எறங்கிடாத" என்றாள்.

எனக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. அவளும் சிரித்தாள். சிரித்துக்கொண்டே முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். கோழி லோரி ஒரு வழியாக நகர்ந்தது. இறக்கத்தில் சக்கரம் இறங்கியதும் இரண்டு கையையும் மடியில் போட்டுக்கொண்டு, "தாண்டிட்டோம்" என்றாள். அண்ணனிடம் சொன்னாளா, என்னிடம் சொன்னாளா தெரியாது. நான் "ம்" என்றேன்.

துறைமுகச் சாலையில் கண்டெய்னர் லோரிகளுக்குப் பின்னால் மெதுவாகப் போய்க்கொண்டிருந்தபோது, அவளே பேச்சை எடுத்தாள்.

"உன் குரலை மொத்தமா எடுத்துரு. அந்தப் பழக்கம் கலையுது, பார்வை எஞ்சுது, எல்லாம்."

"எடுத்துடறேன்."

"அந்த உயரம் இருக்கட்டும். கடலும் இருக்கட்டும், இப்ப சரிதான். இன்னிக்கு நாம பேசுனத மேல போடு."

"எது எது?"

"எல்லாம்தான். ஜாம்னு சொன்னதையும் போடு."

"அது சிரிப்பா இருக்கும்க்கா. கடைசிக் கட்டத்துல ஆளுங்க சிரிச்சிருவாங்க."

"சிரிக்கட்டும். ஜாம் இல்லாத கிள்ளான்னா அவன் நம்ப மாட்டான்."

கடற்கரையில் வண்டியை நிறுத்துவதற்குள் அவள் போனை எடுத்து, படம் திரையிடும் சனிக்கிழமைக்கான ஷிப்ட்டை மாற்றித் தரும்படி ஆபீசுக்குச் செய்தி அனுப்பிவிட்டாள்.